உறவை எழுதிவைத்தவர்கள்: மெலனீசியக் கிராமங்களில் குடும்பமும் காணியும்

(வாசிப்பு வட்டத்தின் சென்ற கூட்டத்தில் ஆற்றிய உரை. பேச்சு நடையை அதிகம் திருத்தாமல் தருகிறோம்.)



போன மாதம் ஏங்கல்ஸ் 1884-ல் எழுதின 'குடும்பம், தனிச்சொத்து, அரசு ஆகியவற்றின் தோற்றம்' நூலை வாசிச்சு முடிச்சம். முடியிற நேரம் ஒரு கேள்வி வந்தது: இந்தப் பழங்குடிக் குடும்பங்களை ஆர் நேர போய்ப் பாத்தது, பாத்தவை சரியாத்தான் பாத்தவையா? அண்டைக்கு நேரம் போயிட்டுது. அந்தக் கேள்வியை எடுத்துக்கொண்டு இண்டைக்கு மெலனீசியாவுக்குப் போவம்.

மெலனீசியா தூரத்து இடமில்லை. நாங்கள் இருக்கிற அவுஸ்திரேலியாவுக்கு வடக்கிலும் கிழக்கிலும் வளைஞ்சு கிடக்கிற தீவுகள்தான். பப்புவா நியூகினி, சொலமன் தீவுகள், வனுவாட்டு, நியூ கலிடோனியா, பிஜி. நியூகினித் தீவின் மேற்குப் பாதி இன்றும் இந்தோனேசியாவின் ஆட்சியில் இருக்கு. பப்புவா நியூகினியில் பெரும்பாலான சனம் இப்பவும் கிராமத்தில், தங்கட தோட்டத்தில் கிழங்கு நட்டுச் சாப்பிடுகிற சனம். குடும்பம், உறவுமுறை பற்றி மானிடவியல் எழுதின முக்கியமான புத்தகங்கள் பல இந்தக் கிராமங்களில் இருந்து வந்தவை.

நான் சொல்ல வாறது ஒரு விசயம்தான். இந்தக் கிராமங்களில் உறவு பிறப்போட முடிஞ்சுபோறதில்லை. நட்டு, சமைச்சு, ஊட்டி, கொடுத்து, செத்தவீட்டில் அழுது, வருசா வருசம் செய்துகொண்டே இருக்கிற வேலை அது. காலனிய அரசும், பிறகு வந்த அரசும் கொம்பனிகளும் அந்த வேலையைப் பேர்ப்பட்டியலாக மாற்றினார்கள். பட்டியலை எழுதினவைதான் காணி ஆருக்கு எண்டதையும் தீர்மானிச்சவை. இதில பெண்களுக்கு என்ன நடந்தது, தோட்டத்துக்குக் கூலியாகப் போன எங்கட சனத்துக்கு என்ன நடந்தது எண்டதையும் பாப்பம்.

பட்டியலின் தொடக்கத்தில் தமிழ்

ஏங்கல்ஸ் பெரும்பாலும் நம்பியிருந்தது அமெரிக்கரான லூயிஸ் ஹென்றி மோர்கனை. மோர்கன் நியூயோர்க் மாநிலத்துச் செனெக்கா மக்களின் உறவுச் சொற்களைச் சேர்த்தவர். பிறகு உலகம் முழுக்க மிசனரிமாருக்கும் தூதரகங்களுக்கும் கேள்விக்கொத்து அனுப்பினார். வந்த மறுமொழிகளை 1871-ல் பெரிய பெரிய அட்டவணைகளாக அச்சடிச்சார். அந்த அட்டவணைகளில் தமிழ் இருக்கு.

ஏன் தமிழ்? எங்கட முறை உங்களுக்குத் தெரியும். அப்பாவின் சகோதரன் பெரியப்பா அல்லது சித்தப்பா, அவரும் ஒரு அப்பாதான். அம்மாவின் சகோதரி பெரியம்மா, சின்னம்மா, அவவும் ஒரு அம்மாதான். ஆனால் அம்மாவின் சகோதரன் மாமா, அப்பாவின் சகோதரி மாமி. பெரியப்பாவின் பிள்ளை சகோதரம். மாமாவின் பிள்ளை மச்சான், மச்சாள். செனெக்காவிலும் ஏறத்தாழ இதே பிரிப்பு இருக்கிறதைக் கண்ட மோர்கன், அமெரிக்கப் பழங்குடிகள் ஆசியாவிலிருந்து வந்தவர்கள் எண்டதுக்கு இதையே சான்றாக வைச்சார். தமிழிலும் செனெக்காவிலும் 200-க்கும் மேற்பட்ட உறவுகள் ஒத்துப்போகின்றன எண்டு ஏங்கல்ஸ் அதைத் தன் நூலில் எடுத்துச் சொல்லுறார். தூரத்து உறவுகளில் இரண்டு முறையும் வேறுபடுது எண்டதை 1964-ல் லவுன்ஸ்பரி எண்ட ஆய்வாளர் காட்டினார்.

பிஜியில் இருந்து மோர்கனுக்கு மறுமொழி எழுதினவர் லோரிமர் ஃபைசன் எண்ட மெதடிஸ்ட் மிசனரி. பிஜி மொழியில் 'லெவு' எண்டால் பெரிய, 'லைலை' எண்டால் சின்ன. அப்பாவின் அண்ணன் தாதா லெவு, தம்பி தாதா லைலை. அம்மாவின் அக்கா நானா லெவு, தங்கச்சி நானா லைலை. பெரியப்பா, சித்தப்பா, பெரியம்மா, சின்னம்மா! அம்மாவின் சகோதரனுக்கு மட்டும் வேற சொல்: மோமோ.

இதைக் கேட்டிட்டு "பிஜிக்காரர் ஆதித் தமிழர்" எண்டு ஆரும் வட்ஸ்அப்பில் அனுப்பிப்போடாதேங்கோ. பிஜி மொழி மலாய், தாகலோக், மாவோரி மொழிகளோட சேர்ந்த ஒஸ்ரோனேசியக் குடும்பத்து மொழி. தொடர்பில்லாத பல சமூகங்கள் இந்த மாதிரிச் சொல் பிரிக்கின்றன. தமிழ் உறவுச் சொற்களைப் பற்றி 1953-ல் பிரெஞ்சு ஆய்வாளர் லூயி துய்மோன் சொன்னதை வைச்சுப் பாத்தால் விளங்கும்: இது வெறும் இரத்தக் கணக்கில்லை, இரண்டு பக்கத்துக்கு இடையில் கல்யாண உறவு தலைமுறை தலைமுறையாகத் தொடர்கிறதின் கணக்கு. ஆரோட கொடுக்கல் வாங்கல் வைச்சிருக்கிறாய் எண்டதைச் சொல்லுற கணக்கு.

இன்னொரு ஆள், டபிள்யூ. எச். ஆர். ரிவர்ஸ். 1898-ல் கேம்பிரிட்ஜ் குழுவோட டொரஸ் நீரிணைத் தீவுகளுக்கு வந்தவர். ஒவ்வொருவரிடமும் தாய், தகப்பன், சகோதரம், பிள்ளை எண்டு பேர் கேட்டு வம்சவரிசை வரையிற முறையை உருவாக்கினார். அதே முறையோட நீலகிரிக்குப் போய்த் தோடர்கள் பற்றி 1906-ல் புத்தகம் போட்டார். 1914-ல் மெலனீசியச் சமூகத்தின் வரலாறு பற்றி இரண்டு பாகம் எழுதினார். வம்சவரிசை நல்ல கருவிதான். ஆனால் அதில் பிறப்பும் கல்யாணமும் மட்டும் கோடாக வரும். ஆர் ஆருக்குச் சோறு போட்டது எண்டது வராது.

கிழங்கும் வாழைச் சருகும்

அந்த வராத பக்கத்தைப் பார்க்க ட்ரோப்ரியண்ட் தீவுகளுக்குப் போவம். பப்புவா நியூகினியின் கிழக்குக் கரைக்கு அப்பால் இருக்கிற சின்னத் தீவுகள். புரொனிஸ்லாவ் மலினோவ்ஸ்கி எண்ட போலந்துக்காரர் 1915-க்கும் 1918-க்கும் இடையில் இரண்டு தடவை அங்கே கூடாரம் போட்டு இருந்தார். அவருக்கு ஒஸ்திரியக் குடியுரிமை. உலகப்போர் வெடிச்சதால் சட்டப்படி எதிரிநாட்டுக்காரன். எண்டாலும் பப்புவாவில் ஆய்வு செய்ய அவுஸ்திரேலிய அரசு விட்டது.

அங்கே பிள்ளை தாயின் குலம். காணியும் தாய்வழி. ஒவ்வொரு அறுவடையிலும் ஆண் தன் தோட்டத்தின் நல்ல கிழங்கை, எங்கட இராசவள்ளியின் இனம்தான், சகோதரியின் வீட்டுக்குக் கொண்டுபோய், சகோதரியின் புருசனின் களஞ்சியத்தில் அடுக்கிவிடுவான். ஊருக்கு முன்னால, எல்லாரும் எண்ணிப் பார்க்க, கொண்டுபோவான். அவனுடைய களஞ்சியத்தை அவன் மனுசியின் சகோதரன் நிரப்புவான். தன் வீட்டுக் களஞ்சியத்தைப் பாத்தே தன் மச்சான்மாரோட உறவு எப்படி இருக்கு எண்டு ஒருவனுக்கு விளங்கும்.

அப்ப தகப்பன் ஆர்? குலக் கணக்கில் அவன் வெளியாள். ஆனால் பிள்ளையைத் தூக்கி, ஊட்டி, கழுவி வளர்க்கிறவன் அவன். பிள்ளையின் முகம் தகப்பனைப் போல இருக்கு எண்டுதான் சொல்ல வேணும். தாய்வழி உறவினரைப் போல இருக்கு எண்டு சொன்னால் அது அவமதிப்பு. தகப்பன் சேர்ந்து வாழ்கிறதால்தான் பிள்ளையின் முகம் அப்படி உருவாகுது எண்டது அவர்களின் விளக்கம். குலம் தாயால் வருது. முகம் பராமரிப்பால் வருது.

மலினோவ்ஸ்கி இதையெல்லாம் மிக நுணுக்கமாக எழுதினார். கிழங்கை எண்ணினார், ஆண்கள் கடல் கடந்து செய்கிற குலா பரிமாற்றத்தை எழுதினார். 1971-ல் அதே தீவுக்கு அனெட் வைனர் எண்ட அமெரிக்கப் பெண் போனார். அவர் கண்டது வேற. ஒருவர் செத்தால் மாதக் கணக்கில் சடங்கு நடக்கும். அதில் செத்தவரின் தாய்வழிக் குலத்துப் பெண்கள் நடுவில் நிண்டு, காய்ஞ்ச வாழையிலையில் செய்த கட்டுகளையும் நாரில் செய்த பாவாடைகளையும் ஆயிரக்கணக்கில் பங்கிடுவார்கள். செத்தவரைப் பராமரிச்சவருக்கு, துக்கம் காத்தவருக்கு, தகப்பன் வழியாருக்கு, கட்டினவரின் ஆக்களுக்கு. செத்தவருக்கு வாழ்நாளில் ஆர் ஆர் என்ன செய்தார்கள் எண்ட கணக்கு அங்கே தீர்க்கப்படுது. அந்தச் சொத்து பெண்களுடையது. செய்கிறதும் அவர்கள், பங்கிடுகிறதும் அவர்கள்.

ஆண்களின் கிழங்கும் இதோட கட்டப்பட்டதுதான். மச்சான் வருசா வருசம் கிழங்கு தந்ததால, மனுசிக்கு வாழையிலைக் கட்டுத் தேவைப்படுகிற நேரம் புருசன் தன் பன்றியை, பொருளை, காசைக் கொடுத்து அதைத் தேடிக் கொடுக்க வேணும். வைனரின் புத்தகம் 1976-ல் வந்தது. அறுபது வருசத்துக்கு முந்திப் போனவருக்கு முன்னாலும் இந்தச் சடங்குகள் நடந்தன. ஆனால் வாழைச் சருகு அவருக்குப் பொருளாதாரமாகத் தெரியேல்லை. உறவு ஒரு வேலை எண்டு நாங்கள் சொல்லுறபோது, அந்த வேலையில் ஆற்ற வேலை எழுத்தில் ஏறுது எண்டதையும் சேர்த்துக் கேட்க வேணும்.

பன்றியை வளர்த்தது ஆர்?

இனி நியூகினியின் மேட்டுநிலம். 1930-களில்தான் தங்கம் தேடிப் போன அவுஸ்திரேலியர்கள் அங்கே லட்சக்கணக்கான சனம் வாழ்கிறதைக் கண்டார்கள். 1950-களில் ஆய்வாளர்கள் போய்ச் சேர்ந்தபோது அவர்களின் பையில் ஆப்பிரிக்காவில் இருந்து கொண்டுவந்த ஒரு மாதிரி இருந்தது: தகப்பன் வழிக் குலம், குலத்துக்கு ஒரு காணி, பிறப்பால் உறுப்பினர். ஆனால் கிராமத்தில் தகப்பன் வழியில் வராத ஆக்கள் நிறையப் பேர் முழு உறுப்பினராக இருந்தார்கள். சகோதரியின் பிள்ளைகள், மருமகன்மார், சண்டையில் தப்பி வந்தவர்கள். 1962-ல் ஜோன் பார்ன்ஸ் ஒரு சின்னக் கட்டுரை எழுதி, ஆப்பிரிக்க மாதிரி இங்கே சரிவராது எண்டார். இந்த மேட்டுநிலச் சமூகங்களில் ஒரே காணியில் விளைஞ்சதைச் சேர்ந்து சாப்பிட்டு வளர்ந்தால், வந்தேறியின் பிள்ளையும் ஒரு தலைமுறையில் அந்தக் குலத்துப் பிள்ளை. உணவு வழியாக மண் உடம்புக்குள் போகுது, அதால் உறவு வருது எண்டு அந்தச் சனம் சொன்னதைப் பிறகு வந்தவர்கள் எழுதினார்கள்.

கேக்க நல்லா இருக்கு. ஆனால் இடதுசாரிகளாக இங்கே நிண்டுவிடக் கூடாது. மவுண்ட் ஹேகன் பகுதியில் 'மொக்கா' எண்டு ஒரு பெரிய பரிமாற்றம் உண்டு. ஒரு குலம் இன்னொரு குலத்துக்கு நூற்றுக்கணக்கில் பன்றி கொடுக்கும். வாங்கினவர்கள் பிறகு கூட்டித் திருப்பிக் கொடுக்க வேணும். மேடையில் பேசுகிறது ஆண்கள். பேர் வாறதும் ஆண்களுக்கு. பன்றிக்குக் கிழங்கு நட்டு, அவிச்சு, தீனி போட்டு வளர்க்கிறது பெண்கள். மர்லின் ஸ்ட்ராத்தர்ன் 1972-ல் எழுதின நூலின் மையமே இதுதான்: பெண் உற்பத்தி செய்கிறவள், இரண்டு குலத்துக்கு நடுவில் நிக்கிறவள், ஆண் கைமாற்றுகிறவன்.

இதில் ஒரு நல்ல விவாதம் நடந்தது. கேவா மக்களிடம் ஆய்வு செய்த லிசெட் ஜோசஃபிடஸ் 1985-ல் சொன்னார்: பரிசுப் பரிமாற்றத்தின் பளபளப்பு பெண்ணின் உழைப்பை மறைக்குது, இது சமத்துவமின்மையை உற்பத்தி செய்கிற பொறி. ஸ்ட்ராத்தர்ன் 1988-ல் மறுமொழி சொன்னார்: உழைப்பவருக்கே அதன் பலன் சொந்தம் எண்ட சொத்துக் கருத்தை மேற்கிலிருந்து கொண்டுவந்து போடாதேங்கோ, அங்கே பன்றி தொடக்கத்திலிருந்தே புருசன், பெண்சாதி இரண்டு பேரின் உறவால் ஆனது. என் நிலைப்பாட்டைச் சொல்லிவிடுறன். ஸ்ட்ராத்தர்ன் எங்கட கண்ணாடியைக் கழட்டச் சொல்லுறது சரி. ஆனால் பன்றியைத் தன் பேரில் கொடுத்துவிட்டு ஒருவன் பெரிய மனுசனாகிறான், தீனி போட்டவள் ஆகேல்லை. ஜோசஃபிடஸின் கேள்வியை நாங்கள் கைவிட ஏலாது.

பிஜி: ஒரே கடதாசியில் இரண்டு சனம்

இப்ப, வேலையாக இருந்த உறவு கடதாசிக்குப் போன கதைக்கு வாறம். பிஜியில் 'வாசு' எண்டு ஒரு முறை இருந்தது. வாசு எண்டால் சகோதரியின் பிள்ளை. தாய்மாமனின் பொருளைக் கேளாமலே எடுக்கிற உரிமை அவனுக்கு இருந்தது. பெண் கல்யாணம் கட்டிப் போகிற நேரம் அவளோட காணியும் போகிற வழக்கம் இருந்தது. தப்பி வந்தவருக்குக் காணி கொடுத்துச் சேர்க்கிறதும் இருந்தது. ஊருக்கு ஊர் முறை வேறுபட்டது.

1874-ல் பிஜி பிரித்தானியாவின் கைக்குப் போனது. அடுத்த வருசம் வந்த முதல் ஆளுநர் ஆர்தர் கோர்டன், பழங்குடிக் காணியை வெள்ளைக்காரத் தோட்ட முதலாளிகள் விழுங்கக் கூடாது எண்டு நினைச்சார். அது நல்லதுதான். அப்ப சொந்தக்காரர் ஆர் எண்டு எழுத வேணுமே? முந்தி மோர்கனுக்கு உறவுச் சொல் அனுப்பின அதே ஃபைசன் 1880-ல் லெவுக்காவில் பிஜிக் காணியுரிமை பற்றி ஓர் உரை நிகழ்த்தினார். காணி கூட்டுச் சொத்து, விற்க ஏலாதது எண்ட அவரின் விளக்கம் கோர்டனின் கொள்கைக்குத் துணையாக அமைஞ்சது. காலப்போக்கில் 'மத்தங்கலி' எண்ட தகப்பன் வழிக் குழுதான் காணிச் சொந்தக்காரன் எண்டு நாடு முழுக்க ஒரே மாதிரிப் பதிஞ்சார்கள். பல இடங்களில் அது அப்படி இருக்கேல்லை எண்டதைப் பீட்டர் ஃபிரான்ஸ் 1969-ல் தன் நூலில் ஆவணங்களோட காட்டினார். பிறக்கிற ஒவ்வொரு பிள்ளையும் 'வோலா நி கவா புலா' எண்ட பதிவேட்டில் ஏற வேணும். காணிப் பங்கு அந்தப் பேரோட வருது.

அந்தச் சட்டம் காணியைக் காப்பாற்றினது உண்மை. இன்றைக்கும் நாட்டின் நிலத்தில் 80 விழுக்காட்டுக்கு மேல் பழங்குடிகளுடையது. ஹவாயோட ஒப்பிட்டால் அதன் பெறுமதி விளங்கும். ஆனால் கோர்டனின் திட்டத்துக்கு இன்னொரு பாதி இருந்தது. பழங்குடிகளைக் கிராமத்திலேயே வைச்சிருந்தால் கரும்புத் தோட்டத்தில் ஆர் வேலை செய்கிறது? ட்ரினிடாட், மொரிசியஸ் இரண்டிலும் ஆளுநராக இருந்தவர் அவர். ஒப்பந்தக் கூலி முறையை அங்கே பாத்திருந்தார். 1879-க்கும் 1916-க்கும் இடையில் ஏறத்தாழ 61,000 பேர் இந்தியாவிலிருந்து கப்பலில் ஏற்றப்பட்டார்கள். 1903-க்குப் பிறகு சென்னைத் துறைமுகத்திலிருந்தும் ஏற்றினார்கள். மொத்தத்தில் நாலில் ஒரு பங்கு அளவு தெற்கிலிருந்து போனவர்கள், தமிழர் உட்பட. ஆலைகள் பெரும்பாலும் இதே அவுஸ்திரேலியாவின் சீனிக் கொம்பனி ஒன்றுக்குச் சொந்தம்.

வந்தவர்களுக்குப் பதிவேட்டில் இடமில்லை. குத்தகைக்காரராகக் கரும்பு நட்டார்கள். 1976-ன் குத்தகைச் சட்டம் 30 வருசம் கொடுத்தது. 1997-லிருந்து குத்தகைகள் முடியத் தொடங்கினபோது பலர் வீட்டையும் தோட்டத்தையும் விட்டு நகரத்து ஓரக் குடிசைகளுக்குப் போனார்கள். 1987 ஏப்ரலில் பழங்குடியான திமோதி பவத்ராவின் தலைமையில், தொழிற்கட்சியும் இந்திய வம்சாவளியினரின் கட்சியும் சேர்ந்து தேர்தலில் வென்றன. ஒரு மாதத்தில் இராணுவம் கவிழ்த்தது. "காணி பறிபோகும்" எண்ட பயம்தான் அப்ப கிளப்பப்பட்ட பயம்.

இதில் ஆற்ற பக்கம் நிக்கிறது எண்டு எங்கட இளையாக்கள் கேப்பினம். பழங்குடி நிலவுரிமையா, கூலியாக வந்தவர்களின் பிள்ளைகளின் உரிமையா? இரண்டு சனத்தையும் எதிரெதிரே நிறுத்தினது ஒரே நிர்வாகத்தின் ஒரே கடதாசி. ஒருவன் பிறப்பால் சொந்தக்காரன், மற்றவன் பிறப்பால் குத்தகைக்காரன். நட்டுச் சாப்பிட்டு வளர்ந்தால் உறவு எண்டு மெலனீசியக் கிராமங்களில் இருந்த வழியைப் பதிவேடு மூடிப்போட்டுது. பழங்குடிக் காணி பழங்குடிகளிடமே இருக்க வேணும். அதே நேரம் மூன்று, நாலு தலைமுறையாக அந்த மண்ணில் உழைச்சவர்களுக்கு உறுதியான வாழ்விடம் வேணும். இரண்டையும் சேர்த்துக் கேட்கிறதுதான் எங்கட நிலைப்பாடாக இருக்க முடியும்.

பூகன்வில்: காணிக்காரிகளும் சுரங்கமும்

கடைசிக் கதை பூகன்வில். பப்புவா நியூகினியின் கிழக்கோரத் தீவு. பெரும் பகுதியில் தாய்வழிக் குலம், காணி பெண்கள் வழியாக இறங்குது. தெற்கில் நகோவிசி மக்களிடம் ஆய்வு செய்த ஜில் நாஷ், கல்யாணம் கட்டின ஆண் மனுசியின் காணியில் தோட்டம் செய்கிறதைப் பதிஞ்சிருக்கிறார்.

அவுஸ்திரேலிய ஆட்சிக் காலத்தில் பங்குனாவில் செம்பு கண்டார்கள். கனிமம் அரசுக்குச் சொந்தம் எண்டது சட்டம். 1969-ல் துறைமுகத்துக்காக ரொரோவானா கிராமத்துக் காணியை அளக்க வந்தபோது, பெண்கள் எல்லைக் கல்லைப் பிடுங்கினார்கள். பொலிஸ் பொல்லாலும் கண்ணீர்ப்புகையாலும் அடிச்சுது. 1972-ல் சுரங்கம் ஓடத் தொடங்கியது. நடத்தினது றியோ டின்டோவின் அவுஸ்திரேலியக் கிளை.

இழப்பீட்டுப் பணம் கொடுக்கிறதுக்கும் பட்டியல் வேணும். பணம் பதிவில் பேர் இருந்தவர்களின் கைக்குப் போனது. தாய்வழிக் குலத்துக்குள் அது எப்படிப் பிரியும் எண்டது கொம்பனிக்குக் கவலையில்லை. பதிவு எழுதினபோது சிறு பிள்ளைகளாக இருந்தவர்கள் வளர்ந்து வந்து பாத்தால் ஆறும் இல்லை, தோட்டமும் இல்லை, பணமும் இல்லை. 1987-ல் இளையவர்கள் பழைய காணிக்காரர் சங்கத்தை எதிர்த்துப் புதிய நிர்வாகம் தெரிவு செய்தார்கள். தலைவி பெர்பெச்சுவா செரெரோ, செயலாளர் பிரான்சிஸ் ஓனா. அடுத்த வருசம் போராட்டம் வெடிச்சது, 1989-ல் சுரங்கம் மூடினது. சுரங்கப் பணம் காணிச் சமூகத்தை உள்ளேயே உடைச்சதுதான் இந்தக் கிளர்ச்சியின் ஒரு வேர் எண்டு கொலின் ஃபைலர் 1990-ல் எழுதினார்.

பிறகு பத்து வருசப் போர், கடல் முற்றுகை. மருந்தில்லாமல் செத்தவர்களையும் சேர்த்து 10,000 முதல் 20,000 பேர் வரை எண்டு சொல்லப்படுது. தீவின் சனத்தொகை இரண்டு லட்சத்தைத் தாண்டாத காலம் அது. சண்டைக்காரரை மேசைக்குக் கொண்டுவந்ததில் பெண்கள் அமைப்புகளுக்குப் பெரிய பங்கு உண்டு. 2001-ல் சமாதான உடன்பாடு, 2019-ல் வாக்கெடுப்பு. 98 விழுக்காடு அளவில் சுதந்திரம் கேட்டார்கள். பப்புவா நியூகினி நாடாளுமன்றம் ஏற்க வேணும் எண்ட நிபந்தனையால் அந்த வாக்கு தானாகச் சுதந்திரமாக மாறேல்லை. 2020-ல் பங்குனாச் சனம் றியோ டின்டோவுக்கு எதிராக இங்கே, அவுஸ்திரேலியாவில், முறைப்பாடு போட்டார்கள்.

பூகன்வில் தனிக்கதை இல்லை. பப்புவா நியூகினியில் 1974-ல் ஒரு சட்டம் வந்தது, வழமைக் காணிக் குழுக்களைச் சட்டக் குழுக்களாகப் பதிய விடுகிற சட்டம். நோக்கம் நல்லது. ஆனால் எண்ணெய், எரிவாயுக் கொம்பனிகள் வந்த இடமெல்லாம் பட்டியல் பணம் வாங்குகிற வரிசையாக மாறினது. 2003-க்கும் 2011-க்கும் இடையில் சிறப்புக் குத்தகை எண்ட பேரில் 50 லட்சம் ஹெக்டேருக்கு மேல், நாட்டின் நிலத்தில் பத்தில் ஒரு பங்குக்கும் கூட, கைமாறினது. மரம் வெட்டுகிற, எண்ணெய்ப்பனை நடுகிற கொம்பனிகள் பல இடங்களில் பின்னால் நிண்டன. பெரும்பாலானவற்றில் காணிச் சனத்தின் உண்மையான சம்மதம் இல்லை எண்டதை அரசின் விசாரணை ஆணைக்குழுவே கண்டது.

எங்கட கணக்கு

இதை ஏன் இவ்வளவு நேரம் கதைச்சனான்? இரண்டு காரணம்.

முதலாவது, நாங்கள் தோழமை அறிக்கை எழுதுகிற ஆக்கள். மெலனீசியாவில் ஒரு சுரங்கத்தையோ காடழிப்பையோ எதிர்த்துக் கையெழுத்துக் கேட்டு வந்தால், "காணிக்காரர் சம்மதிச்சிட்டினம்" எண்டு கொம்பனி காட்டுகிற கடதாசியை வாசியுங்கோ. பட்டியலை ஆர் தயாரிச்சது? தாய்வழிக் காணியில் கையெழுத்து வைச்சது தாயா, அவளின் சகோதரனா, புருசனா? வெளியில இருந்து வந்து அங்கேயே நட்டுச் சாப்பிடுகிறவர்கள் அதில் இருக்கினமா? இந்த மூன்று கேள்வியும் உதவும். இந்தத் தீவுகளில் சில நாங்கள் வரி கட்டுகிற நாடு ஆண்டவை. எங்கட ஓய்வூதிய நிதி எந்தச் சுரங்கத்தில் போடப்பட்டிருக்கு எண்டதையும் சேர்த்துக் கேளுங்கோ.

இரண்டாவது எங்களைப் பற்றியது. "தொப்புள்கொடி உறவு" எண்ட சொல்லை எங்கட மேடைகளில் அடிக்கடி கேக்கிறம். அதில் இருக்கிற பாசம் எனக்கும் உண்டு. ஆனால் ட்ரோப்ரியண்ட் பெண் ஒருத்தி இதைக் கேட்டால், "சரி, ஆருக்கு ஆர் கிழங்கு கொண்டுபோனது?" எண்டு கேப்பாள். ஊரில் காணாமல் போனவர்களின் தாய்மார் வருசக்கணக்கில் தெருவில் இருக்கினம். மலையகத்தில் லயன் அறையில் காணி உறுதி இல்லாமல் சனம் இருக்கு. அவர்களோட எங்களுக்கு உறவு இருக்கா எண்டது இரத்தத்தில் எழுதியிருக்கேல்லை. செய்கிறதில்தான் தெரியும்.

எங்கட மச்சான், மச்சாள் முறையையும் நேர பாக்க வேணும். அழகான சொற்கள். அதே முறைதான் காணியையும் சீதனத்தையும் சாதியையும் உள்ளுக்குள்ளேயே சுற்ற வைச்சது. வெளியில இருந்து வந்தவனைச் சோறு போட்டுக் குலத்தில் சேர்த்த மேட்டுநிலத்துச் சனத்துக்கு முன்னால, சாதி பாத்துக் கல்யாணம் பேசுகிற நாங்கள் எந்த வாயால் உறவு பற்றிப் பாடம் எடுக்கிறது?

அடுத்த கூட்டத்துக்கு வைனரின் புத்தகத்திலிருந்து செத்தவீட்டுச் சடங்கு பற்றின பகுதியும், ஜோசஃபிடஸின் ஒரு அத்தியாயமும் வாசிச்சுக்கொண்டு வாங்கோ. வரும்போது இன்னொன்றும் செய்யுங்கோ. உங்கட குடும்பத்தில் உறவுகளை உயிரோட வைச்சிருக்கிற வேலையை, ஊருக்கு ஃபோன் எடுக்கிறது, காசு அனுப்புகிறது, நோயாளியைப் பாக்கப் போகிறது, செத்தவீட்டில் சமைக்கிறது, இதையெல்லாம் ஆர் செய்யினம் எண்டு ஒரு தாளில் எழுதிக்கொண்டு வாங்கோ. எத்தனை வரியில் அம்மாவின் பேர், மாமியின் பேர் வருது எண்டு எண்ணிப் பாத்துக் கதைப்பம்.

இனிக் கேள்விகளைக் கேளுங்கோ.